கோவைக்கொடி கட்டுன வீடு

ஆள் நடமாட்டம் இல்லாத ஒரு பொட்டக்காட்டுல, எப்பவோ ஒரு காலத்துல, ஒரு வேலி நின்னுச்சு. எதுக்கு நின்னுச்சுன்னு கேட்டா அந்த வேலிக்கே தெரியாது. இந்தப் பக்கமும் காடு, அந்தப் பக்கமும் காடு. இங்க இருக்கிற முள்ளு அங்க போயிரக் கூடாதுன்னு எவனோ ஒரு புத்திசாலி போட்டிருக்கணும். போட்டவன் செத்து, அவனைப் பொதைச்சவனும் செத்து, வேலி மட்டும் காவல் காத்துக்கிட்டு நின்னுச்சு.

வேலின்னா கம்பி வேலி இல்ல. கிளுவைக் குச்சியை வரிசையா நட்டு, அது தழைச்சு வளந்த உயிர்வேலி. அதுல ஒரு கிளுவைக்கு வாய் நீளம். முள்ளு உடம்புல இருக்கோ இல்லையோ, பேச்சுல இருக்கும்.

ஐப்பசி மழையில, குருவி போட்ட எச்சத்துல இருந்து, அந்தக் கிளுவை காலடியில ஒரு கோவைக்கொடி மொளைச்சா. மொளைச்ச மூணாம் நாளே கிளுவையோட காலைச் சுருளால பிடிச்சுக்கிட்டு, "மதினி, மேல ஏறிக்கிடட்டா?"ன்னு கேட்டா.

"பிடிச்சதுக்கு அப்புறம் கேக்குற பாரு, அதுதான்டி மரியாதை"ன்னா கிளுவை.

கோவை வீட்டு வழக்கம் அப்படி. மேல எது பட்டாலும் பிடிக்கணும். பிடிச்சதை விடக் கூடாது. வேற பாடம் எதுவும் அவங்களுக்குக் கிடையாது. நடக்கக் காலு இல்லாதவளுக்குப் பிடிதானே காலு.

கிளுவை அவகிட்ட ஒரு விசயம் மட்டும் சிரிக்காம சொன்னா. "ஏட்டி, நல்லாக் கேட்டுக்க. நீ மொத வருசத்துக் கொடி. மண்ணுக்குள்ள உன் கிழங்கு எலி வாலு தடிதான் இருக்கு. கீழ எல்லாம் என் நிழலு. மழை ஈரம் இருக்கையிலயே நீ என் உச்சிக்கு ஏறி வெயிலைப் பாத்து, எலையை விரிச்சு, கிழங்குக்குச் சோறு அனுப்பணும். கிழங்கு பெருத்துட்டா அப்புறம் கோடை என்ன, இடி விழுந்தாலும் மறுமழைக்கு எந்திரிச்சுருவ. பெருக்கலைன்னா மாசி வெயிலு உன்னை அப்பளமாக்கிரும்."

"எம்புட்டு தூரம் மதினி?"

"ஓராள் உசரம். ஆளைப் பாத்திருக்கியா நீ?"

"இல்ல."

"நானும் பாத்து ரொம்ப நாளாச்சு. ஏறு, வந்தா காட்டுதேன்."

கோவை ஏறுனா. கார்த்திகை பொறக்கையில பாதி ஏறி, இன்னும் நாலு சாண்தான் பாக்கி. மேல எலைச் சந்துல வெளிச்சம் துண்டு துண்டாத் தெரிஞ்சுச்சு. அதைப் பாக்கப் பாக்க அவளுக்குச் சுருளெல்லாம் துடிக்கும்.

அப்பதான் ஒரு காலையில அவ வந்தா.

பாத்தா கொசுவுல பாதி. கொசுவுக்காவது கடிக்கிறதுக்கு ஒரு வாய் இருக்கு, இவளுக்கு அதுவும் பேருக்குத்தான். காலு மட்டும் நீளம் நீளமா, உடம்பு வாரதுக்கு முந்தியே வந்து நின்னுச்சு. அந்தக் காட்டுச் செடிகொடியெல்லாம் அவளை முடிச்சு ஈன்னுதான் சொல்லும். ஏன் அந்தப் பேருன்னு புதுசா வந்த கோவைக்கு யாரும் சொல்லலை. சொல்ல வேண்டிய கிளுவை அந்நேரம் பக்கத்துக் கிளுவைகூட ஓணானைப் பத்திப் புறணி பேசிக்கிட்டிருந்தா.

"தாயீ, கொஞ்சம் உக்காந்துட்டுப் போறேன்"னா முடிச்சு ஈ. குரலு பஞ்சு மாதிரி இருந்துச்சு.

"உக்காருங்க. எங்க போறீங்க?"

"எங்க போறது. எனக்கு ஆயுசே இன்னைக்கு ஒருநாதான்."

கோவைக்கு மனசு இளகிப் போச்சு. "சாப்பிட ஏதாச்சும்?"

"நான் சாப்பிடுறதில்ல தாயீ."

சாப்பிடாத விருந்தாளி வந்தா சந்தோசப்படக் கூடாது, கொஞ்சம் யோசிக்கணும். கோவை யோசிக்கலை. கொழுந்துக்கு ரெண்டு விரல் கீழ, தொட்டா நசுங்குற எளந்தண்டுல அவ உக்காந்தா. ஒரு நிமிசம் அசையாம இருந்தா. கோவைக்கு அந்த எடத்துல குளுகுளுன்னு என்னமோ ஊர்ந்த மாதிரி இருந்துச்சு.

"என்னமோ பட்டுச்சே"ன்னா.

"பட்டா என்ன செய்வீங்க உங்க வீட்டுல?"ன்னு கேட்டா ஈ.

"பிடிப்போம்."

"அப்பப் பிடிச்சுக்க தாயீ"ன்னு சொல்லிட்டுப் பறந்தா. பறந்தவ ஒரு முழம் போறதுக்குள்ள செத்துக் கீழ விழுந்தா. எறும்புக வந்து தூக்கிட்டுப் போச்சு. வெயிலு ஏறி அவ உக்காந்த எடத்துப் பனிகூடக் காயலை.

மூணு நாள் கழிச்சு, கோவைக்குத் தண்டுக்குள்ள ஒரு தொடுகை. வெளிய இல்ல, உள்ள. வெளிய பட்டதைச் சுருளால பிடிக்கலாம். உள்ள பட்டதை எதால பிடிக்கிறது? கொடிக்குப் பிறந்த புத்தி, விடத் தெரியலை. உடம்பாலயே சுத்திப் பிடிச்சா. சதையைச் சதை மேல சுத்தி, ஒரு சுத்து, ரெண்டு சுத்து. தண்டு அந்த எடத்துல கடுகு மாதிரிப் புடைச்சு, கடலை மாதிரி ஆச்சு.

அப்புறம் பேச்சு வந்துச்சு.

யாரோ பேசுன மாதிரி இல்ல. அப்படி இருந்தா அவளே யாருடான்னு கேட்டிருப்பா. அவ குரல்லயே, அவ நெனைப்பு மாதிரியே வந்துச்சு. 'தாகமா இருக்கு. இங்க கொஞ்சம் தண்ணி.' அனுப்புனா. 'குளிருது. சுவரை இன்னும் கொஞ்சம் தடியா வை.' வச்சா. 'எதுக்கு இப்படி ஏறுற? இங்கேயே நல்லாத்தானே இருக்கு.'

இது நியாயமாத்தான் பட்டுச்சு அவளுக்கு.

நாலு சாண் அப்படியே நாலு சாணா நின்னுச்சு. பத்து நாள் பாத்துட்டு கிளுவை கேட்டா, "ஏட்டி, என்ன, வழியில சத்திரம் கிடைச்சுருச்சா?"

"காய் பிடிச்சிருக்கு மதினி"ன்னா கோவை. வெக்கத்துல எலையைத் தாழ்த்திக்கிட்டா.

கிளுவை குனிஞ்சு பாத்தா. புடைப்பு இப்ப நெல்லிக்காய் பருமன். வழுவழுன்னு இல்ல, கரடுமுரடா, நோயாளி முட்டி மாதிரி இருந்துச்சு. "பூத்தியாடி?"

"இல்ல."

"பூக்காம எப்படிடி காய்? அதுவும் தண்டுலயா காய்க்கும், பலாமரமா நீ?"

"எங்க வீட்டுல எப்படிக் காய்க்கும்னு எங்களுக்குத்தான் தெரியும்"னா கோவை. பேச்சுல புதுசா ஒரு வெடுக்கு வந்திருந்துச்சு. அப்ப அந்தப் பக்கம் போன ஓணானைக் கூப்பிட்டா. "அண்ணே, நீங்களே சொல்லுங்க, இது காய்தானே?"

ஓணான் தலையை ஆட்டுனான்.

"பாத்தீங்களா மதினி?"

"அவன் உன்னைத் தின்னுரட்டுமான்னு கேட்டாலும் ஆட்டுவான்டி. ஏலே, அவ தலையில இடி விழுமா?"

ஓணான் அதுக்கும் ஆட்டுனான். ஆனா கோவை மொத ஆட்டோட காதை மூடிக்கிட்டா. நமக்கு வேண்டிய பதிலு வந்த பொறவு யாரு மிச்சத்தைக் கேக்குறா?

மார்கழியில கீழ் எலை ரெண்டு மஞ்சளாச்சு. வேரு உறிஞ்சுன தண்ணியெல்லாம் அந்த முடிச்சுக்கே போச்சு. கொழுந்து சுருங்கி, வெளிச்சத்தைப் பாக்கத் தலையைத் தூக்குறதையும் விட்டுருச்சு. கோவைக்கு அது கவலையாவே தெரியலை. ராவும் பகலும் உள்ள கேக்குற பேச்சுக்குப் பதில் சொல்லிக்கிட்டே கெடந்தா. "இந்தா ராசா. வந்துருச்சு ராசா. இன்னும் வேணுமா ராசா."

ஒருநாள் மத்தியானம், காத்து அடிக்காத நேரம். காடே மூச்சைப் பிடிச்ச மாதிரி இருந்துச்சு. கிளுவை தன்னோட ஒரு கிளையைத் தாழ்த்தி அந்த முடிச்சு மேல வச்சா. முதல்ல ஒன்னும் கேக்கலை. அப்புறம் கேட்டுச்சு. சர்ர், சர்ர்னு, ஈரச் சுவத்தை நகத்தால யாரோ சுரண்டுற சத்தம். சுரண்டும், நிக்கும். திரும்பச் சுரண்டும். நிக்கிறப்போ, வெளிய யாரோ ஒட்டுக் கேக்குறாங்கன்னு அதுவும் காதைத் தீட்டிக்கிட்டு நிக்குற மாதிரி இருந்துச்சு.

கிளுவை கிளையை எடுத்துட்டா. வாழ்க்கையில மொதத் தடவையா அவளுக்குக் கேலி பேச வாய் வரலை.

"கோவை"ன்னா. ஏட்டின்னு கூப்பிடலை. "உள்ள இருக்கிறது உன் பிள்ளை இல்லம்மா. உன்னைத் திங்குது."

"பிள்ளைன்னா திங்கத்தான் செய்யும்."

"அன்னைக்கு அந்த ஈ வந்து முட்டை வச்சப்போ நான் பாத்திருக்கணும். என் தப்பு. இப்பவும் ஒன்னும் கெட்டுப் போகலை. தண்ணியை நிறுத்து. மேல அனுப்பு. நாலே சாண்."

"நிறுத்துனா அழுகுதே மதினி."

"யாரு?"

"உங்களுக்குக் கேக்கலையா?"ன்னு கோவை ஆச்சரியமாக் கேட்டா. கிளுவைக்குச் சுரண்டுற சத்தத்தைத் தவிர வேற ஒன்னும் கேக்கலை.

கிளுவைக்கு எடத்தை விட்டு நகர முடியாது. நகர முடிஞ்சா அந்த முடிச்சை முள்ளால கீறியே போட்டிருப்பா. அதனால வேலி ஓரமாப் பறந்து போன ஊசிக்குளவியைக் கூப்பிட்டா. குளவின்னதும் மஞ்சளாக் கொட்டுமே, அது இல்ல. இது எள்ளுல பாதி. பின்னால மயிரிழை மாதிரி ஒரு ஊசி. காட்டுல அவளை மருத்துவச்சிம்பாங்க. அவ பாத்த பிரசவத்துல எந்தப் பிள்ளையும் பிழைச்சதில்ல. அதுக்காகத்தான் அவளைக் கூப்பிடுறதே.

"ஒரு பாவப்பட்ட கொடி. முடிச்சு விழுந்திருக்கு"ன்னா கிளுவை.

"எத்தனை மாசம்?"ன்னு கேட்டா மருத்துவச்சி.

"எலைக் கணக்குல சொன்னா ஏழு எலை போயிருச்சு."

மருத்துவச்சி வந்து முடிச்சு மேல உக்காந்தா. மீசையால தட்டித் தட்டிப் பாத்தா. தட்டத் தட்ட அவ மூஞ்சியில ஒரு மலர்ச்சி.

"பிள்ளை எப்படி இருக்கு?"ன்னு கேட்டா கோவை.

"கொழுகொழுன்னு இருக்கு. நல்லா வளத்திருக்க."

"பிறக்க இன்னும் எத்தனை நாளு?"

"ஒரு ஊசி போட்டுட்டா அப்புறம் ஒரு தொந்தரவும் இருக்காது"ன்னு சொல்லிக்கிட்டே, மருத்துவச்சி உடம்பை வில்லா வளைச்சு, ஊசியைச் சுவத்துக்குள்ள இறக்குனா. ரொம்ப நேரம் இறக்குனா. கோவை கட்டுன சுவரு அம்புட்டு தடிப்பு.

ஊசி உள்ள போய்த் தொட்டதும் கோவைக்கு உச்சி முதல் வேரு வரைக்கும் ஒரு வலி ஓடுச்சு. அதோட உள்ள இருந்த பேச்சு டக்குன்னு நின்னுபோச்சு.

"ராசா"ன்னு கூப்பிட்டா. பதிலு இல்ல. சுரண்டுற சத்தமும் இல்ல. காதுக்குள்ள வெறும் காடுதான் கேட்டுச்சு.

அன்னைக்குப் பூரா கோவை அழுதாளோ என்னமோ, எலை நுனியில எல்லாம் தண்ணி நின்னுச்சு. ஆனா அவ கவனிக்காமலே ஒன்னு நடந்துச்சு. யாரும் கேக்காததால தண்ணி தன்னால மேல ஏறுச்சு. கொழுந்து நிமுந்துச்சு. பொழுது சாயுறதுக்குள்ள முழுசா ஒரு சாண் ஏறியிருந்தா. புதுச் சுருளு ஒன்னு கிளுவையோட மேல் கிளையைப் பிடிச்சுக்கிட்டு ஆடுச்சு.

"ஆளைக் காட்டணும்னேனே, இன்னும் மூணே சாண்தான்"னா கிளுவை. முள்ளுக்காரிக்கு அழுகை வந்தா அசிங்கமா இருக்கும்னு, "உன்னைச் சுமந்து சுமந்து எனக்கு இடுப்பே போச்சு"ன்னு சேத்துக்கிட்டா.

கோவை லேசாச் சிரிச்சா. மறுநாளும் கொஞ்சம் ஏறுனா. அதுக்கு மறுநாள் காலையில, வெளிச்சம் மூஞ்சியில படப்போற நேரம், கீழ இருந்து கேட்டுச்சு.

'எங்க போற?'

கோவை நின்னுட்டா.

'என்னை விட்டுட்டா போற?'

"ராசா, இருக்கியா"ன்னு கோவை திரும்புன வேகத்துல, அந்தப் புதுச்சுருளு பிடி கழண்டு தொங்கிப்போச்சு. தண்ணி பூரா திரும்ப முடிச்சுக்குப் பாஞ்சுச்சு.

கிளுவைக்கு ஒன்னும் புரியலை. மருத்துவச்சி ஊசி தப்பினதா இதுவரைக்கும் காட்டுல சேதி இல்ல. முடிச்சு மேல கிளையை வச்சுக் கேட்டா. சுரண்டல் இருந்துச்சு. ஆனா வேற மாதிரி. முன்ன சர்ர்னு இருந்துச்சு, இப்பக் கறுக்குமுறுக்குன்னு இருந்துச்சு.

தை போச்சு. மாசி பொறந்துச்சு. மண்ணு வெடிச்சு, ஈரம் கீழ கீழ இறங்கிக்கிட்டே போச்சு. கிளுவை சாதிக்குக் கோடையில எலையை உதுத்துத்தான் உசுரைக் காப்பாத்தணும். கோவைக்கு நிழலு வேணுமேன்னு அவ பத்து நாளு பிடிச்சு வச்சுப் பாத்தா. முடியலை. மொத எலை விழுந்தப்போ சொன்னா, "ஏட்டி, என்னால இதுக்கு மேல குடை பிடிக்க முடியாது. இன்னும் ரெண்டரைச் சாண். வேருல ஒரு வாய்த் தண்ணியாச்சும் இருக்குமே, அதை வச்சு ஏறிரு. உச்சிக் காத்துல பனி இருக்கு, எலை அதைக் குடிச்சாவது கிழங்கைத் தேத்திரலாம்."

"இவன் பிறந்துரட்டும் மதினி. பிறந்த ஒடனே ஏறிருவேன்."

அவ பொய் சொல்லலை. அப்படித்தான் நெனைச்சா.

பிறப்பும் வந்துச்சு. நல்ல வெயில்ல, எலையெல்லாம் கொட்டுன வேலியில, முடிச்சுல உள்ள இருந்து ஊசி முனையளவு ஒரு ஓட்டை விழுந்துச்சு. ஓட்டை பெருசாச்சு. மூஞ்சி ஒன்னு எட்டிப் பாத்துச்சு. நீலமும் கறுப்புமா மினுமினுன்னு இருந்துச்சு. வெளிய வந்து, இறக்கையை நீவிவிட்டு, வாயைத் துடைச்சுச்சு. பின்னால மயிரிழை மாதிரி ஒரு ஊசி.

"ராசா"ன்னா கோவை. வறண்ட குரலு.

"யாரு ராசா?"ன்னுச்சு அது.

கிளுவை பெருமூச்சு விட்டா. மருத்துவச்சி மகள்னு அவளுக்குப் பாத்ததுமே தெரிஞ்சுபோச்சு. கோவைக்குத்தான் தெரியலை.

"உள்ள என் பிள்ளை ஒருத்தன் இருந்தானே"ன்னா.

"ஆமா, இருந்தான். எங்க அம்மா என்னை அவன் மேலதான் வச்சுட்டுப் போனா. ருசியா இருந்தான். நல்ல வளப்பு."

"எப்ப? இன்னைக்கா?"

"இன்னைக்கா? எங்க அம்மா ஊசியில படுத்தவன் எந்திரிக்கவே இல்லையே. படுத்த வாக்குலதான் தின்னேன்."

கோவை அப்புறம் கேட்டா, "பின்ன, அதுக்குப் பொறவு என்கிட்டத் தண்ணி கேட்டது நீயா?"

"நான் எதுக்குக் கேக்குறேன்? நான் கறி திங்கிற சாதி."

"அப்ப யாரு பேசுனது?"

குளவிக் குட்டி வெயில்ல இறக்கையைக் காயவச்சுக்கிட்டே யோசிச்சுச்சு. "பேச்சு எனக்கும் கேட்டுச்சு. ராவும் பகலும் ஒரே நச்சரிப்பு. தண்ணி, தண்ணி, சுவரு, சுவருன்னு. நான் அவன்கிட்டக் கேட்டேன், படுத்தாலும் அவனுக்குக் கொஞ்சம் உசுரு இருந்துச்சு. என்ன மாப்ளே, நீதான் பேசுறியான்னேன். அவன் சொன்னான், மொத ரெண்டு நாளு நான்தான் கேட்டேன், பொறவு நான் கேக்கவே வேண்டியிருக்கலை, தானா நடந்துச்சுன்னு. அவனுக்கே பயமாத்தான் இருந்துச்சு போல. வயிறு நிறைஞ்சும் ஊட்டுறாங்க, வழி அடைச்சும் சுவரு வைக்கிறாங்கன்னு பொலம்பிக்கிட்டே செத்தான்."

"பேச்சு எங்க இருந்து வந்துச்சு?"ன்னு கிளுவை கேட்டா. இது கோவை கேக்க வேண்டிய கேள்வி. அவ கேக்கலை.

"சுவத்துக்குள்ள இருந்து"ன்னு சொல்லிட்டு, குளவிக் குட்டி பறந்து போச்சு.

சுவரு அவ கட்டுனது. அவ சதை.

எலை இல்லாத வேலியில இந்தப் பக்கத்துல இருந்து அந்தப் பக்கம் பளிச்சுன்னு தெரிஞ்சுச்சு. ரெண்டு பக்கமும் ஒரே மாதிரிதான் இருந்துச்சு.

கிளுவை குரலை எவ்வளவு மெல்லமா வைக்க முடியுமோ அவ்வளவு மெல்லமா வச்சா. "கேட்டியாம்மா? உள்ள ஒருத்தரும் இல்ல. எப்பவோ இல்லாமப் போயிருச்சு. இனி யாருக்கும் நீ பதில் சொல்ல வேண்டியதில்ல. வேருல இன்னும் ஒரு வாய் இருக்கு. எனக்குத் தெரியும், என் வேரு உன் வேருக்குப் பக்கத்துலதான் இருக்கு. அதை மேல விடு. சுருளை நீட்டு, நான் கிளையைத் தாழ்த்தித் தாரேன்."

"சரி மதினி"ன்னா கோவை.

சுருளை நீட்டுனா. நெசமாவே நீட்டுனா. கிளுவை கிளையைத் தாழ்த்துனா. ரெண்டுக்கும் நடுவுல ஒரு விரக்கடை தூரந்தான் இருந்துச்சு. வேருல இருந்து அந்த ஒரு வாய்த் தண்ணியும் கிளம்பிருச்சு.

அப்ப அந்த ஓட்டை வழியாக் காத்து நுழைஞ்சு வெளிய வந்துச்சு.

கோவை சுருளு அந்தரத்துல நின்னுச்சு. "மதினி"ன்னா. குரலு பைத்தியக்காரி குரலு மாதிரி இல்ல. ரொம்பத் தெளிவா, வீட்டு வேலை பாக்குற பொம்பளை குரலு மாதிரி இருந்துச்சு. "எனக்கு எல்லாம் தெரியுது மதினி. உள்ள ஒருத்தரும் இல்லைன்னு தெரியுது. பேசுறது நான்தான்னும் தெரியுது."

"பின்ன என்னடி, பிடி."

"ஆனா ஓட்டை விழுந்திருக்கே. காத்து போகுது, குளிருதுங்குது. ஒரே ஒரு சுத்து அடைச்சுட்டு வந்துர்றேன்."

வேருல இருந்து கிளம்புன கடைசித் தண்ணி, கொழுந்துக்கு ரெண்டு விரல் கீழ, அந்தக் காலி வீட்டு வாசல்ல வந்து நின்னுச்சு.